வாசலில் நின்றவரும் கொலைக் குற்றவாளியா? கொள்ளை முயற்சியில் உயிர் போனால் யார் யார் பொறுப்பு

வாசகர் கேள்விகள், வழக்கறிஞர் பதில்கள்

இந்த இதழுக்கு வந்த கடிதங்களில் ஆறு ஒரே பொருளைச் சுற்றி அமைந்திருந்தன. பணத்தையோ நகையையோ பறிக்கப் போன இடத்தில் ஓர் உயிர் போய்விட்டது. கத்தியை எடுத்தவர் ஒருவர், கூடப் போனவர்கள் வேறு சிலர். அந்த வேறு சிலரின் நிலை என்ன என்பதையே ஆறு பேரும் வெவ்வேறு பக்கங்களிலிருந்து கேட்டிருக்கிறார்கள். ஆகவே மற்றக் கடிதங்களை அடுத்த இதழுக்கு ஒதுக்கிவிட்டு, இம்முறை இவற்றுக்கு மட்டும் பதில் எழுதுகிறேன். பெயரும் ஊரும் நீக்கப்பட்டுள்ளன. 2024 ஜூலை 1 முதல் புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதா நடைமுறையில் உள்ளது. அதற்கு முன் நடந்த குற்றங்களுக்கு இந்திய தண்டனைச் சட்டமே பொருந்தும். எனவே தேவைப்படும் இடங்களில் பழைய பிரிவு எண்ணையும் தருகிறேன்.

கேள்வி: மதிப்புக்குரிய ஐயா, என் தம்பிக்கு வயது 23. அவனும் நண்பர்கள் இருவரும், வீட்டில் ரொக்கம் இருப்பதாகக் கேள்விப்பட்டு, ஒரு பெரியவரின் வீட்டுக்கு இரவில் போயிருக்கிறார்கள். தம்பி வாசலில் மோட்டார் சைக்கிளை அணைக்காமல் நின்றிருந்தான். உள்ளே போன இருவரில் ஒருவன் குத்தியதில் பெரியவர் இறந்துவிட்டார். ஒரு ரூபாய்கூட எடுக்கவில்லை. ஆனால் தம்பி மீதும் கொலைக் குற்றம் சாட்டியிருக்கிறார்கள். உள்ளே காலே வைக்காதவன் எப்படிக் கொலைகாரன் ஆவான்? — ஒரு சகோதரி

பதில்: சகோதரி, தம்பி உள்ளே கால் வைக்கவில்லை என்பதை உங்கள் கடிதத்தில் நான்கு இடங்களில் எழுதியிருக்கிறீர்கள். அந்த ஒன்றை மட்டும் பிடித்துக்கொண்டு வழக்கை நடத்தினால் ஏமாற்றமே மிஞ்சும் என்பதை முதலிலேயே சொல்லிவிடுவது என் கடமை. அவருக்கு உதவக்கூடிய வாதம் வேறோர் இடத்தில் இருக்கிறது. அதைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டியிருக்கிறது.

குற்றப்பத்திரிகையில் 103(1) என்ற கொலைப் பிரிவுக்குப் பக்கத்தில் 3(5) என்று ஓர் எண் இருக்கும். பழைய சட்டத்தில் அது 34. பலர் சேர்ந்து, அவர்கள் அனைவருடைய பொது உள்நோக்கத்தை நிறைவேற்றும்பொருட்டு ஒரு குற்றச் செயலைச் செய்தால், தான் ஒருவரே அதைச் செய்திருந்தால் எப்படிப் பொறுப்பாவாரோ அப்படியே ஒவ்வொருவரும் பொறுப்பாவார் என்பது அதன் சாரம். இது தனியான ஒரு குற்றத்தை உருவாக்கும் பிரிவன்று. இதற்கென்று தனித் தண்டனையும் கிடையாது. ஒருவர் கை செய்ததை மற்றவர் கணக்கிலும் எழுதும் விதி இது, அவ்வளவே. 1860-ல் சட்டம் இயற்றப்பட்டபோது ‘அனைவருடைய பொது உள்நோக்கத்தை நிறைவேற்றும்பொருட்டு’ என்னும் சொற்கள் அந்தப் பிரிவில் இல்லை. 1870-ல் திருத்தம் கொண்டுவந்து சேர்த்தார்கள். உங்கள் தம்பியின் வழக்கு முழுவதும் அந்தச் சொற்களின் மேல்தான் நிற்கப்போகிறது.

இந்தப் பிரிவைப் பற்றி எந்த நீதிமன்றத்தில் வாதம் நடந்தாலும் முதலில் எடுத்துக்காட்டப்படும் வழக்கே ஒரு கொள்ளை முயற்சியில் பிறந்ததுதான். 1923 ஆகஸ்ட் 3 அன்று கல்கத்தாவின் சங்கரிடோலா அஞ்சலகத்தில் அஞ்சல் அதிகாரி பின்னறையில் பணம் எண்ணிக்கொண்டிருந்தார். முற்றத்துப் பக்கமிருந்த கதவருகே சிலர் வந்து நின்று பணத்தைக் கொடுக்கச் சொன்னார்கள்; ஏறக்குறைய அதே நேரத்தில் துப்பாக்கிகள் வெடித்தன; அவர் அங்கேயே இறந்தார். வந்தவர்கள் பணத்தைத் தொடாமலே ஓடினார்கள். துரத்திப் பிடிக்கப்பட்டவர் பரேந்திர குமார் கோஷ் ஒருவர்தான். அப்போது அவர் கையில் துப்பாக்கி இருந்தது. தான் வெளியே முற்றத்தில்தான் நின்றிருந்ததாகவும், தான் சுடவில்லை என்றும், பயத்தில் உறைந்துபோனதாகவும் அவர் தரப்பில் சொல்லப்பட்டது. 1924-ல், அன்றைய பிரிட்டிஷ் இந்தியாவின் கடைசி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் அந்த வாதத்தை ஏற்கவில்லை. மரணத்தை விளைவித்த குண்டு யார் துப்பாக்கியிலிருந்து வந்தது என்பது தீர்மானிக்கும் விஷயமே அன்று என்றும், குற்றம் நடக்கும்போது வெறுமனே நின்று காத்திருப்பவரும் அதில் தன் பங்கைச் செய்பவரே என்றும் தீர்ப்பெழுதிய சம்னர் பிரபு விளக்கினார். அந்தத் தீர்ப்பு நூறாண்டு கடந்தும் உயிரோடிருக்கிறது. ஆகவேதான் ‘வெளியே நின்றேன்’ என்ற ஒரு சொல் போதாது என்கிறேன்.

ஆனால் அந்தத் தீர்ப்பைத் திறந்து வைத்துக்கொண்டே உங்கள் தம்பியின் வழக்கறிஞர் ஒரு வேறுபாட்டைக் காட்ட முடியும். அஞ்சலகத்துக்கு வந்தவர்கள் துப்பாக்கியோடு வந்தார்கள். பணம் கொடுக்க மறுத்தால் சுடுவது என்பது அவர்கள் போட்ட திட்டத்துக்குள்ளேயே அடங்கியிருந்தது. உங்கள் தம்பியின் வழக்கில் கேட்கப்பட வேண்டியது, மூவருக்கும் பொதுவாக இருந்த உள்நோக்கம் எதுவரை நீண்டது என்பதே. மிரட்டிப் பணம் பறிப்பதோடு அது நின்றதா, எதிர்த்தால் குத்துவது வரை போனதா? கத்தி எடுத்து வரப்பட்டது தம்பிக்குத் தெரியுமா? வெளியிலிருந்து கொண்டுவந்த கத்தியா, அந்த வீட்டுச் சமையலறையில் கிடந்ததை அந்த நேரத்து வெறியில் ஒருவன் எடுத்தானா? இந்த விவரங்கள்தான் கொலைக் குற்றத்துக்கும் கொள்ளைக் குற்றத்துக்கும் இடையிலான சுவர். 1945-ல் மஹ்பூப் ஷா வழக்கில் அதே பிரிவி கவுன்சில், ஒரே மாதிரியான எண்ணம் இருவர் மனத்தில் இருப்பது வேறு, இருவரும் சேர்ந்து கொண்ட பொது உள்நோக்கம் வேறு என்று பிரித்துக் காட்டி, கொலைத் தண்டனை பெற்றிருந்தவரை அக்குற்றச்சாட்டிலிருந்து விடுவித்தது. 1954-ல் பாண்டுரங் வழக்கில் நம் உச்ச நீதிமன்றமும் அவ்வேறுபாட்டை உறுதிப்படுத்தியது. அந்த இரண்டுக்கும் இடையிலான தடுப்பு மெல்லியதாகத் தோன்றினாலும் உண்மையானது என்று அதில் சொல்லப்பட்டிருக்கிறது. பொது உள்நோக்கம் முன்கூட்டியே உருவாகியிருக்க வேண்டும் என்பதும் இல்லை; சம்பவ இடத்தில், நொடிப்பொழுதில்கூட உருவாகலாம். ஆனால் உருவானது என்பதை அரசுத் தரப்பு நிரூபிக்க வேண்டும்.

நான் நடத்திய ஒரு வழக்கு நினைவுக்கு வருகிறது. அங்கும் இருவர் உள்ளே, ஒருவர் வாசலில். குற்றப்பத்திரிகை மூவரையும் ஒரே தட்டில் வைத்திருந்தது. சம்பவ இடத்தை நேரில் பார்த்து ஆய்வாளர் எழுதிய பதிவான பார்வை மகஜரையும் அந்த இடத்தின் மாதிரி வரைபடத்தையும் மேசையில் விரித்து வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தபோது, மகஜரின் மூன்றாம் பக்கத்தில், கறுப்பு மையில், ஒரே ஒரு வரி கண்ணில் பட்டது: வாசலில் மோட்டார் சைக்கிள் ஒன்று சாவியுடன், எஞ்சின் ஓடிய நிலையில் காணப்பட்டது. வரைபடத்தில் சுற்றுச்சுவர் ஆளுயரத்துக்கு மேல்; வீட்டுக் கதவோ பக்கவாட்டில். எதிர்வீட்டுப் பெண்மணி, அலறல் கேட்டதும் வாசலில் நின்ற பையன் தலையில் கை வைத்தபடி தெருவில் தனியாக ஓடினான் என்று சாட்சியம் சொன்னார். மற்ற இருவரையும் ஏற்றிக்கொண்டு தப்பிக்கத்தானே அவனை நிறுத்தியிருந்தார்கள்? அவன் வண்டியையே விட்டுவிட்டு ஓடியிருக்கிறான். உள்ளே நடந்தது அவன் எதிர்பார்த்ததன்று என்பதற்கு அதைவிட வலுவான சான்று எங்களிடம் இருக்கவில்லை. கொலைக் குற்றச்சாட்டிலிருந்து அவன் விடுவிக்கப்பட்டான். கொள்ளை முயற்சிக்கான தண்டனையை அனுபவித்தான். அது நியாயமென்றே இன்றும் நினைக்கிறேன். ஒரே செயலில் ஈடுபட்ட பலர் வெவ்வேறு குற்றங்களுக்குப் பொறுப்பாகலாம் என்று பிரிவு 3(9) வெளிப்படையாகவே சொல்கிறது.

கொலைக் குற்றச்சாட்டு நீங்கினாலும் எல்லாம் முடிந்துவிடாது என்பதையும் மறைக்க விரும்பவில்லை. இந்தச் சட்டத்தின் ஒவ்வொரு பிரிவும் யாரைச் சுட்டுகிறது என்பதை எழுத்தெழுத்தாகப் படிக்க வேண்டும். கொள்ளையின்போதோ கொள்ளை முயற்சியின்போதோ ஒருவர் வேண்டுமென்றே காயம் விளைவித்தால், அவரோடு ‘கூட்டாகச் சம்பந்தப்பட்ட வேறு எவரும்’ தண்டிக்கப்படுவார் என்கிறது 309(6), அதாவது பழைய 394. தண்டனை ஆயுள் சிறை வரை போகலாம். வாசலில் வண்டியோடு நின்றவர் அந்தச் சொற்களுக்குள் நேராக வந்துவிடுகிறார். காயப்படுத்தும் எண்ணம் அவருக்கும் இருந்ததா என்ற கேள்வியே அங்கு எழுவதில்லை. ஆனால் குறைந்தது 7 ஆண்டு சிறை என்று விதிக்கும் 311, 312 ஆகிய பிரிவுகள், பழைய 397, 398, ‘குற்றவாளி’ கொடிய ஆயுதத்தைப் பயன்படுத்தினால், ‘குற்றவாளி’ அதை ஏந்தியிருந்தால் என்று ஒருமையில் பேசுகின்றன. ஆயுதத்தைக் கையாண்டவரை மட்டுமே 397 பிடிக்கும் என்று 1975-ல் பூல் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பொது உள்நோக்கப் பிரிவைக் கொண்டுவந்து மற்றவர் மேல் அதை ஏற்ற முடியாது. உங்கள் தம்பி மீது 311-ம் போடப்பட்டிருந்தால், குற்றச்சாட்டு வனையப்படும் கட்டத்திலேயே அதை எதிர்க்கச் சொல்லுங்கள்.

இப்போது நீங்கள் செய்ய வேண்டியது, தம்பியிடம் நடந்ததைக் கூட்டாமல் குறைக்காமல் வழக்கறிஞரிடம் சொல்லச் சொல்வது. கத்தியைப் பற்றி முன்பே பேச்சு எழுந்ததா, யார் முகத்தை மூடியிருந்தார்கள், அலறல் கேட்ட பிறகு அவர் என்ன செய்தார், மூவரும் ஒன்றாகத் திரும்பினார்களா, அன்றிரவு யாருக்கு யார் போன் செய்தார்கள் என்ற எல்லாமும் வேண்டும். பாதகமான விவரத்தை வழக்கறிஞர் முதன்முதலாகச் சாட்சிக்கூண்டிலிருந்து கேட்கும்படி ஆகிவிடக் கூடாது.

கேள்வி: ஐயா, நான் சட்டக் கல்லூரி மாணவி. கொள்ளைக்குப் போனவர்கள் நான்கு பேர் என்றால் ஒரு கணக்கு, ஐந்து பேர் என்றால் வேறொரு கணக்கு என்று பாடத்தில் வருகிறது. ஓர் ஆள் கூடுவதால் சட்டம் இவ்வளவு மாறுவானேன்?

பதில்: மாறுவது உண்மை, மாற்றம் மிகப் பெரியது. ஐந்து அல்லது அதற்கு மேற்பட்டோர் சேர்ந்து கொள்ளையடித்தால் அது கூட்டுக்கொள்ளை. பிரிவு 310(1)-ஐ நிதானமாகப் படித்தால் இரண்டு செய்திகள் தெரியும். முதலாவது, கொள்ளை முயற்சியே போதும். ஐந்து பேர் முயன்ற அந்த நொடியிலேயே கூட்டுக்கொள்ளை முழுமை பெற்றுவிடுகிறது, ஒரு பொருளும் கை மாற வேண்டியதில்லை. இரண்டாவது, அங்கிருந்து உதவி செய்பவர்களும் அந்த ஐந்தில் சேர்வார்கள். அதாவது மூவர் உள்ளே, இருவர் காவல் என்றாலும் எண்ணிக்கை நிரம்பிவிடும்.

இதன் கனம் 310(3)-ல் தெரிகிறது. பழைய 396-ன் இடத்தில் வந்த பிரிவு அது. கூட்டுக்கொள்ளையின்போது அவர்களில் யாரேனும் ஒருவர் கொலை செய்தால், அவர்கள் ஒவ்வொருவருக்கும் மரண தண்டனையோ, ஆயுள் சிறையோ, 10 ஆண்டுக்குக் குறையாத கடுங்காவலோ விதிக்கலாம். கொலை செய்யும் எண்ணம் மற்றவர்களுக்கும் இருந்தது என்று அரசுத் தரப்பு காட்டத் தேவையில்லை. கொலை நடந்தது அவர்களுக்குத் தெரிந்திருக்கவும் தேவையில்லை. முந்தைய கேள்வியில் நாம் அவ்வளவு நேரம் தேடிய ‘பொது உள்நோக்கம்’ இங்கே கணக்கிலேயே வருவதில்லை. பழைய சட்டத்தில் மூன்றாவது தண்டனை 10 ஆண்டு வரை என்றிருந்தது. குறைவான பங்குடையவருக்கு 3 அல்லது 4 ஆண்டு விதிக்க நீதிபதிக்கு இடமிருந்தது. புதிய சட்டம் அதை 10 ஆண்டுக்குக் குறையாமல் என்று மாற்றி அந்த இடத்தை அடைத்துவிட்டது. கூட்டமாகப் போய் ஒரு குடும்பத்தை அச்சுறுத்துவதன் கொடுமையை நான் குறைத்து மதிக்கவில்லை. ஆனால் தெருமுனையில் நிறுத்தப்பட்ட பத்தொன்பது வயதுப் பையனையும் குத்தியவனையும் தண்டனையளவில் பிரித்துப் பார்க்கும் வாய்ப்பைச் சுருக்கியது சரியன்று என்பது என் உறுதியான கருத்து.

எண்ணிக்கை இவ்வளவு முக்கியம் என்பதாலேயே வழக்காடுவோர் அதைக் கூர்ந்து பார்க்கிறார்கள். பெயர் சொல்லிக் குற்றம் சாட்டப்பட்ட ஐவரில் இருவர் விடுதலையாகி, அடையாளம் தெரியாத வேறு சிலரும் பங்கேற்றார்கள் என்ற முடிவும் இல்லையென்றால், எஞ்சிய மூவரைக் கூட்டுக்கொள்ளைக்காகத் தண்டிக்க முடியாது. இன்னொன்று, ‘கூட்டுக்கொள்ளையைச் செய்கையில்’ என்ற சொற்கள். தப்பி ஓடும்போது துரத்தியவரைக் கொன்றால் அது அதில் அடங்குமா என்பதற்கு, சம்பவம் முடிந்துவிட்டதா அல்லது ஒரே தொடராக நீண்டுகொண்டிருந்ததா என்பதை ஒவ்வொரு வழக்கின் விவரத்திலிருந்தே முடிவு செய்கிறார்கள். ஐந்து பேர் இல்லாமலே கூட்டுப் பொறுப்பு தரும் பிரிவும் ஒன்றுண்டு. சூரியன் மறைந்து உதிப்பதற்குள் வீட்டை உடைத்து நுழையும்போது ஒருவர் உயிரிழப்பையோ கொடுங்காயத்தையோ வேண்டுமென்றே விளைவித்தால், அந்த நுழைவில் கூட்டாகச் சம்பந்தப்பட்ட எல்லோருக்கும் ஆயுள் வரை தண்டனை என்கிறது 331(8). தேர்வில் இதைப் பலரும் விட்டுவிடுகிறார்கள், வழக்கிலும் விட்டுவிடுகிறார்கள்.

கேள்வி: ஐயா, என் அப்பாவைப் பறிகொடுத்து ஒன்பது மாதங்கள் ஆகின்றன. வீட்டுக்குள் வந்தவர்கள் மூன்று பேர். அப்பா தனியாக இருக்கும் நேரத்தையும் பின்கதவுத் தாழ்ப்பாள் சரியில்லை என்பதையும் அவர்களுக்குச் சொன்னவர், எங்கள் வீட்டில் இரண்டாண்டு வேலை பார்த்தவர். அவர் அன்று வேறு ஊரில் இருந்தார். ‘கொள்ளைக்குத்தான் சொன்னேன், கொல்லச் சொல்லவில்லை’ என்கிறாராம். அவர் தப்பிவிடுவாரா? எங்களுக்கு இந்த வழக்கில் இடமே இல்லையா? — ஒரு மகள்

பதில்: அம்மா, உங்கள் கடிதத்தின் ஒரு வரியை என்னால் மறக்க முடியவில்லை: அப்பாவின் மூக்குக் கண்ணாடி இன்னும் சான்றுப்பொருளாக நீதிமன்றத்தில் இருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். சட்டப் பிரிவுகளை எழுதும் எங்களைப் போன்றவர்கள், அந்த எண்களுக்குப் பின்னால் இப்படி ஒரு கண்ணாடி இருக்கிறது என்பதை மறந்துவிடக் கூடாது.

அந்த நபர் தப்பிவிடுவார் என்று நீங்கள் முடிவு கட்ட வேண்டாம். சம்பவ இடத்தில் இல்லாதவரைப் பிடிக்கச் சட்டத்தில் இரண்டு வழிகள் உள்ளன. ஒன்று, குற்றச்சதி: குற்றம் செய்ய உடன்பட்டதே குற்றம் என்கிறது பிரிவு 61. மற்றொன்று, உடந்தை. இதில் உங்கள் கேள்விக்காகவே எழுதியதுபோல் ஒரு பிரிவு இருக்கிறது, அது 51, பழைய எண் 111. ஒரு செயலுக்கு உடந்தையாக இருந்து வேறொரு செயல் நடந்துவிட்டால், அந்த வேறு செயல் உடந்தையின் விளைவாக நிகழக்கூடியதாக இருந்திருப்பின், உடந்தையாளர் அதற்கும் பொறுப்பு. இதை விளக்கச் சட்டமே ஓர் எடுத்துக்காட்டைத் தருகிறது: கொள்ளையடிப்பதற்காக நள்ளிரவில் ஆள் குடியிருக்கும் வீட்டை உடைக்கும்படி ஒருவர் இருவரைத் தூண்டி, அதற்கென ஆயுதமும் கொடுக்கிறார், உள்ளே போனவர்கள் வீட்டில் இருந்தவர் எதிர்த்ததால் அவரைக் கொன்றுவிடுகிறார்கள், அந்தக் கொலை தூண்டுதலின் விளைவாக நிகழக்கூடியது என்றால், தூண்டியவர் கொலைக்கான தண்டனைக்கு உரியவர்.

உங்கள் வழக்கில் அவர் ஆயுதம் கொடுத்ததாகத் தெரியவில்லை. எனவே எதிர்த்தரப்பு அந்த எடுத்துக்காட்டைத் தங்கள் பக்கம் இழுக்கும். அதற்குப் பதிலாக அரசு வழக்கறிஞர் நிறுவ வேண்டியது, அவர் கொடுத்த தகவலின் தன்மையை. வீடு பூட்டியிருக்கும் நேரத்தைச் சொல்லி அனுப்புவதும், உடல் தளர்ந்த ஒருவர் தனியாக இருக்கும் நேரத்தைச் சொல்லி அனுப்புவதும் ஒன்றாகாது. ஆள் இருக்கும் வீட்டுக்கு ஆட்களை அனுப்புபவர், எதிர்ப்பு வரும் என்பதையும், வந்தால் என்ன நடக்கக்கூடும் என்பதையும் எண்ணிப் பார்த்திருக்க வேண்டியவர். போனவர்கள் ஆயுதத்தோடு போவதும், முன்பே வன்முறையில் ஈடுபட்டவர்கள் என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தால் பிடி இன்னும் இறுகும். கைப்பேசி அழைப்புப் பதிவுகள், சம்பவத்துக்குப் பின் அவர் கைக்கு ஏதேனும் வந்ததா என்பது, பின்கதவைப் பற்றி வேறு யாருக்கும் தெரிய வாய்ப்பிருந்ததா என்பது ஆகிய மூன்றும் புலன்விசாரணையில் பதிவாகியுள்ளனவா என்று பாருங்கள்.

உங்களுக்கு இடமில்லை என்று யார் சொன்னார்களோ தெரியவில்லை, அது தவறு. இறந்தவரின் வாரிசு என்ற முறையில் நீங்களும் சட்டப்படி பாதிக்கப்பட்டவரே. அரசு வழக்கறிஞருக்கு உதவியாக நீங்கள் ஒரு வழக்கறிஞரை அமர்த்த நீதிமன்றம் அனுமதி அளிக்கலாம். மூவரில் ஒருவரையோ, தகவல் சொன்னவரையோ நீதிமன்றம் விடுவித்தாலும், கொலையை விட்டுவிட்டுக் குறைந்த குற்றத்துக்கு மட்டும் தண்டித்தாலும், அதை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் உரிமை உங்களுக்கே நேரடியாக உண்டு. அரசு மேல்முறையீடு செய்யட்டும் என்று காத்திருக்க வேண்டியதில்லை. பாதிக்கப்பட்டோர் இழப்பீட்டுத் திட்டத்தின் கீழ் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கும் மனு கொடுக்கலாம். கண்ணாடியை, விசாரணையும் மேல்முறையீடும் முடிந்த பிறகு திருப்பித் தரும்படி கேட்டு மனு செய்யுங்கள். தீர்ப்பு நாளன்றே உங்கள் வழக்கறிஞர் அதை நினைவூட்டினால், சான்றுப்பொருள்கள் பற்றிய உத்தரவில் சேர்ந்துவிடும்.

கேள்வி: ஆயுதமே இல்லை, அடிக்கவும் இல்லை, மிரட்டியதில் முதியவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்து இறந்துவிட்டால் கொலையா?

பதில்: பெரும்பாலும் கொலை ஆகாது. ஏற்கெனவே நோய்வாய்ப்பட்டிருந்த ஒருவரின் மரணத்தை விரைவுபடுத்துவதும் மரணம் விளைவித்ததே என்று சட்டம் சொல்கிறது. ‘அவருக்கு இதய நோய் இருந்தது எங்கள் தவறா’ என்ற வாதம் அந்த அளவில் எடுபடாது. ஆனால் மரணம் விளைந்தால் மட்டும் போதாது, விளையக்கூடும் என்ற அறிவோ எண்ணமோ இருந்திருக்க வேண்டும். குரலை உயர்த்தி மிரட்டியதோடு நின்றால் அந்த அறிவை ஏற்றுவது கடினம். கொள்ளை முயற்சிக்குரிய தண்டனையே கிடைக்கும். அதே முதியவரைக் கட்டிப்போட்டு, வாயில் துணியை அடைத்து, மூச்சுத் திணறுவதைக் கண்ட பிறகும் அவிழ்க்காமல் போனால் நிலைமை தலைகீழாகிவிடும். கட்டியவரோடு காலைப் பிடித்துக்கொண்டவரும் பொது உள்நோக்கத்துக்குள் வருவார்.

கேள்வி: கொள்ளையடிக்க வந்தவர்களில் ஒருவரை வீட்டுக்காரர் தற்காப்புக்காகத் தாக்கி, அவர் இறந்துவிட்டால், அந்த மரணத்துக்கு மற்றக் கொள்ளையர்கள் பொறுப்பா? வெளிநாடுகளில் அப்படித் தண்டிப்பதாகக் கேள்விப்பட்டேன்.

பதில்: இங்கே இல்லை. பொது உள்நோக்கப் பிரிவு, கூட்டத்தில் ஒருவர் செய்த செயலைத்தான் மற்றவர் மேல் ஏற்றும். வீட்டுக்காரர் செய்த செயல் கூட்டத்தின் செயல் ஆகாது. கொள்ளையைத் தடுக்கும் தற்காப்புரிமை, தேவைப்படும் அளவுக்கு, உயிரிழப்பு வரை நீளலாம் என்பதால் வீட்டுக்காரரும் குற்றவாளி ஆவதில்லை.

நீங்கள் கேள்விப்பட்டது அமெரிக்காவின் சில மாநிலங்களைப் பற்றியதாக இருக்க வேண்டும். கொடுங்குற்றம் ஒன்றின்போது எவருடைய உயிர் போனாலும் அதில் பங்கேற்ற அனைவரையும் கொலைக்காகத் தண்டிக்கும் விதி அங்கே சில மாநிலங்களில் நிலவுகிறது. காரில் காத்திருந்தவருக்கு, கொல்லும் எண்ணம் இல்லாத நிலையில், மரண தண்டனை விதிக்கக் கூடாது என்று 1982-ல் என்மண்ட் வழக்கில் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் எல்லை போட்டது. இங்கிலாந்து அவ்விதியை 1957-லேயே கைவிட்டுவிட்டது. உடன் சென்றவர் விளைவை முன்னறிந்திருந்தாலே போதும் என்று பின்னர் வளர்ந்த கோட்பாடும் தவறு என 2016-ல் ஜோகி வழக்கில் திருத்திக்கொண்டது. இலங்கை, மலேசியா, சிங்கப்பூர் வாசகர்களுக்கு ஒரு சொல்: உங்கள் தண்டனைச் சட்டங்களிலும் நம்முடைய பழைய 34-ன் வாசகமே இருக்கிறது, ஆனால் அந்தந்த நாட்டு நீதிமன்றங்கள் அதற்குக் கொடுத்த பொருள் ஒன்றுபோல் இல்லை. எனவே இங்கே நான் எழுதியதை அங்கே அப்படியே பொருத்திப் பார்க்க வேண்டாம்.

கேள்வி: ஐயா, என் மகன் வழக்கில் மூன்றாம் எதிரி, அதாவது மூன்றாவதாகக் குற்றம் சாட்டப்பட்டவன். முதல் எதிரி காவல் நிலையத்தில் கொடுத்த வாக்குமூலத்தில் ‘கத்தியை வாங்கிக் கொடுத்ததே இவன்தான்’ என்று மகன் பெயரைச் சொல்லியிருக்கிறார். அது ஒன்றே போதும் என்கிறார்கள். இரண்டாம் எதிரி அப்ரூவராக மாறப்போவதாகவும் பேச்சு. — ஒரு தந்தை

பதில்: காவல் அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலம், அதைக் கொடுத்தவருக்கு எதிராகவே சான்றாகாது, உங்கள் மகனுக்கு எதிராக எப்படி ஆகும்? அவர் சொன்னதன் பேரில் ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டிருந்தால், அந்தக் கண்டெடுப்போடு நேரடியாகத் தொடர்புடைய பகுதி மட்டும் ஏற்கப்படும். ‘கத்தியை இன்ன இடத்தில் போட்டேன்’ என்பது உள்ளே வரும். ‘வாங்கிக் கொடுத்தது இவன்’ என்பது வராது. மாஜிஸ்திரேட் முன் முறைப்படி கொடுத்த வாக்குமூலம் என்றாலும், கூட்டு விசாரணையில் அதை மற்றச் சான்றுகளுக்குத் துணையாக மட்டுமே பார்க்கலாம், அதன் மேலேயே தண்டனையைக் கட்ட முடியாது என்று 1952-ல் கஷ்மீரா சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது.

குற்றத்தில் பங்கேற்றிருந்தும் மன்னிப்பு பெற்று அரசுத் தரப்புச் சாட்சியாக மாறுபவரே அப்ரூவர். அந்த விஷயம் வேறு, அதில்தான் நீங்கள் கவனமாக இருக்க வேண்டும். மன்னிப்பு பெற்றவர் சாட்சிக்கூண்டில் ஏறி, சத்தியம் செய்து, குறுக்கு விசாரணைக்கு உட்பட்டுப் பேசுகிறார். அது முழுச் சான்று. இருந்தாலும் குற்றத்தில் பங்கேற்றவரின் சொல்லை, முக்கிய விவரங்களில் வேறு சான்றின் துணையில்லாமல் நம்ப நீதிமன்றங்கள் தயங்குகின்றன. அந்தத் துணைச் சான்று, குற்றம் நடந்தது என்பதற்கு மட்டுமல்லாமல் உங்கள் மகனின் பங்குக்கும் இருக்கிறதா என்று பாருங்கள்: கத்தி விற்ற கடைக்காரரின் சாட்சியம், சிசிடிவி பதிவு, பணப் பரிமாற்றம் போன்றவை. உங்கள் மகனே அப்ரூவர் ஆகலாமா என்றும் கடிதத்தின் ஓரத்தில் பென்சிலால் கேட்டிருக்கிறீர்கள். கேட்பதில் தவறில்லை, ஆனால் தனக்குத் தெரிந்த முழு உண்மையையும், தன் பங்கையும் சேர்த்து, ஒளிக்காமல் சொல்வதே மன்னிப்புக்கான நிபந்தனை, மறைத்தால் மன்னிப்பு போய் அவர் மீதே வழக்கு நடக்கும். ஏற்கெனவே ஜாமீனில் வெளியே வந்திருந்தால் தவிர, மன்னிப்பு பெற்றவர் விசாரணை முடியும் வரை சிறையிலேயே இருக்க வேண்டும் என்பதையும், மனு போடுவதற்கு முன் மகனிடம் சொல்லிவிடுங்கள்.